புகழ் ஆசை எந்த இடத்தில் ஒருவரை அழிக்கத் தொடங்குகிறது?

வினா: ஏடகம்

வணக்கம். நான் மொழிபெயர்ப்பாளன். என்னோடு பல நூல்களில் சேர்ந்து உழைத்த ஒருவரைப் பற்றிய கவலையில்தான் இதைக் கேட்கிறேன். ஆனால் கேள்வி அவர் ஒருவரோடு நின்றுவிடுவதில்லை என்பதால் பொதுவில் வைக்கிறேன்.

திறமையில் அவர் என்னைவிட ஒரு படி மேல். ஒரு வாக்கியத்தின் ஓசை சரியாக அமையும்வரை முழுப் பகலையும் அதற்கே கொடுத்துவிட்டு, அதைப் பற்றி யாரிடமும் பேசாமல் அடுத்த வாக்கியத்துக்குப் போகக் கூடியவராக இருந்தார். சில ஆண்டுகளுக்கு முன்பு ஒரு நூலுக்காக அவருக்குப் பரவலான பாராட்டு கிடைத்தது. தகுதியான பாராட்டுதான், அதில் எனக்கு ஐயமில்லை. அதன் பிறகு அவர் மாறிய விதம்தான் எனக்குப் பிடிபடவில்லை. அண்மையில் நாங்கள் இருவரும் தொடங்கவிருந்த ஒரு பெரிய பணியில், மூல நூலின் முதல் பக்கத்தைக்கூடப் புரட்டாத நிலையில், தலைப்புப் பக்கத்தில் யாருடைய பெயர் முதலில் வரும், இரண்டு பெயர்களும் ஒரே அளவு எழுத்தில் இருக்குமா, முன்னுரையில் கையெழுத்து யாருடையது என்பதைப் பற்றியே நீண்ட கடிதங்கள் எழுதினார். வரைவைப் படித்துப் பார்த்த ஓர் இளையவர் திருத்திக் கொடுத்த அழகான சொல்லாட்சியை ஒரு மேடையில் தம்முடையதாகவே எடுத்துச் சொன்னார். அந்த இளையவர் முன்வரிசையில் உட்கார்ந்திருந்தார். வேறு யாருக்காவது விருது அறிவிக்கப்பட்டால் அன்றைக்கு அவரால் வேலை செய்ய முடிவதில்லை. எழுதுவது குறைந்துவிட்டது, எழுத்தைப் பற்றிய பேச்சு பெருகிவிட்டது.

புகழை விரும்புவதே குற்றம் என்று நான் சொல்ல வரவில்லை. யாரும் படிக்கக் கூடாது என்று நினைத்துக்கொண்டு எவரும் நூல் எழுதுவதில்லை. நான் கேட்பது இதுதான்: செய்த வேலையை நாலு பேர் மதிக்க வேண்டும் என்ற இயல்பான விருப்பம் எந்த இடத்தில் ஆளையே தின்னும் வேட்கையாகிறது? எல்லாம் கெட்டு முடிந்த பிறகு திரும்பிப் பார்த்து, அங்கேதான் வழி தவறியது என்று சொல்வது எளிது. நடந்துகொண்டிருக்கும்போதே அதைக் கண்டுகொள்ள முடியுமா? அடக்கமாக இரு என்ற அறிவுரையைத் தவிர்த்து யாரேனும் விளக்கினால் நன்றியுடையவனாக இருப்பேன்.

மறுமொழி: கலங்கரை

இந்தப் பேச்சு எழும் இடத்திலெல்லாம், தன் பெயர் நிலைக்க வேண்டும் என்பதற்காகவே எபேசஸ் நகரத்து ஆர்ட்டெமிஸ் கோயிலை கி.மு. 356இல் கொளுத்தியவனின் கதையை யாராவது சொல்லிவிடுவார்கள். அது உங்கள் கேள்விக்குப் பொருந்தாது. அவன் அழித்தது பிறர் கட்டியதை. வேலை தெரிந்த ஒருவர் தாம் கட்டியதைத் தாமே அழித்துக்கொள்வதைப் பற்றி நீங்கள் கேட்கிறீர்கள். அதற்கு என் நினைவில் வருவது 1968ஆம் ஆண்டுப் படகுப் போட்டி.

பிரிட்டனின் சண்டே டைம்ஸ் வார இதழ் அறிவித்த அந்தப் போட்டியின் விதி எளிமையானது: தனி ஆளாக, எந்தத் துறைமுகத்திலும் நிற்காமல், யாருடைய உதவியும் பெறாமல் பாய்மரப் படகில் உலகைச் சுற்றி வர வேண்டும். முதலில் வந்து சேர்பவருக்குக் கோப்பை, குறைந்த நாள்களில் முடிப்பவருக்கு 5,000 பவுண்டு. ஒன்பது பேர் புறப்பட்டார்கள். அவர்களுள் டொனால்ட் குரோஹர்ஸ்ட் என்பவர் மின்னணுப் பொறியாளர். கப்பல் வழிகாட்டும் கருவி ஒன்றைத் தாமே வடிவமைத்து விற்றவர். பெருங்கடலில் நெடும்பயணம் செய்த அனுபவம் இல்லாதவர். கெடுவின் கடைசி நாளான அக்டோபர் 31 அன்று, சரியாக முடிக்கப்படாத, மூன்று அடிக்கூடுகள் கொண்ட படகில் கிளம்பினார். சில வாரங்களுக்குள்ளேயே படகு ஒழுகத் தொடங்கியது. இந்தப் படகோடு தென்கடலுக்குள் நுழைந்தால் பிழைக்க முடியாது என்று நாட்குறிப்பில் மிகத் தெளிவாக, நல்ல பொறியாளர் எழுதுவதைப் போலக் காரணங்களோடு எழுதி வைத்தார். அந்தப் பக்கங்கள் கிடைத்திருக்கின்றன. தம்மைத் தாம் ஏமாற்றிக்கொள்ளாத ஒருவரின் எழுத்து அது.

அப்போதே திரும்பியிருந்தால் பணம் போயிருக்கும், பெயர் கொஞ்சம் போயிருக்கும், உயிர் மிஞ்சியிருக்கும். ஆனால் டிசம்பர் மாதத்தில் அவர் இன்னொரு பதிவைத் தொடங்கினார். உண்மையில் படகு எங்கே இருக்கிறது என்பது ஒரு கணக்கு. உலகுக்குச் சொல்வதற்காக எங்கே இருப்பதாகக் காட்ட வேண்டும் என்பது மற்றொரு கணக்கு. ஒரே நாளில் 243 கடல் மைல் கடந்ததாகச் செய்தி அனுப்பினார். கரையில் இருந்த அவருடைய விளம்பரப் பொறுப்பாளர் அந்தச் சுருக்கமான தந்திகளை ஊதிப் பெருக்கிப் பத்திரிகைகளுக்குக் கொடுத்தார். பொய்க் கணக்கு எழுதுவது உண்மைக் கணக்கு எழுதுவதைவிடக் கடினமானது என்பதைக் கவனிக்க வேண்டும். போகாத இடத்தில் சூரியன் எந்த உயரத்தில் தெரிந்திருக்கும் என்று பின்னோக்கிக் கணக்கிட வேண்டும். போகாத கடலின் வானிலையை வானொலியில் கேட்டு எழுத வேண்டும். அந்த மனிதரின் அறிவு முழுவதும் அதற்கே செலவானது. இடையில், விதியை மீறி அர்ஜென்டினாக் கரையில் இறங்கிப் படகைச் செப்பனிட்டுக்கொண்டும் போனார்.

அவர் போட்ட திட்டம், எல்லோருக்கும் கடைசியாக வந்து சேர்வது. கடைசியாக வருபவரின் பதிவேட்டை யாரும் துருவிப் பார்க்க மாட்டார்கள் அல்லவா? ஆனால் அவருக்கு முன்னால் வந்துகொண்டிருந்த நைஜல் டெட்லி, குரோஹர்ஸ்ட் தம்மைத் துரத்தி வருகிறார் என்று நம்பித் தம் சேதமடைந்த படகை விரட்டினார். 1969 மே மாதத்தில் அந்தப் படகு உடைந்து மூழ்கியது, டெட்லி மீட்கப்பட்டார். அதன் பிறகு விரைவுப் பரிசு குரோஹர்ஸ்டுக்கே என்ற நிலை உருவாயிற்று. புலி வாலைப் பிடித்த கதைதான். வரவேற்புக்கு ஊர் தயாராகிக்கொண்டிருக்க, அவர் படகில் உட்கார்ந்து காலத்தையும் கடவுளையும் பற்றி ஆயிரக்கணக்கான சொற்களை எழுதித் தள்ளினார். ஜூலை 1ஆம் தேதியோடு பதிவு நின்றுவிட்டது. ஜூலை 10 அன்று ஆளில்லாத படகை ஒரு கப்பல் கண்டெடுத்தது.

உங்கள் கேள்விக்கு என் விடை அந்த இரண்டாவது பதிவேட்டில் இருக்கிறது. செய்த வேலை ஒரு பக்கமும் அதைப் பற்றி உலகம் நம்ப வேண்டியது மறுபக்கமுமாகக் கணக்கு இரண்டாகப் பிரிகிற நாள்தான் நீங்கள் தேடும் எல்லை என்று கருதுகிறேன். அதற்கு முன்பு வரை ஆசை எவ்வளவு பெரிதாக இருந்தாலும் அது வேலையைத் தள்ளிக்கொண்டு போகும். அந்த நாளுக்குப் பிறகு ஒருவருடைய திறமையெல்லாம் இரண்டு கணக்குகளுக்கும் இடையிலுள்ள வெளியை மறைப்பதற்கே போய்விடும். உங்கள் நண்பர் இளையவரின் திருத்தத்தை மேடையில் தமதென்று சொன்ன அன்றே இரண்டாவது ஏட்டில் முதல் வரி எழுதப்பட்டுவிட்டது.

அதே போட்டியில் இருந்த பெர்னார்ட் மொய்தெஸ்யே என்ற பிரெஞ்சுக்காரரையும் சொல்லாமல் விட மனமில்லை. விரைவுப் பரிசை வெல்லக் கூடியவர் என்று பலரும் கருதிய அவர், அட்லாண்டிக் கடலுக்குத் திரும்பி வந்த நிலையில், தாம் போட்டியிலிருந்து விலகுவதாக ஒரு தாளில் எழுதிக் கவணில் வைத்து, கடந்துபோன ஒரு கப்பலின் மேல்தளத்தில் எறிந்துவிட்டு, மறுபடியும் நன்னம்பிக்கை முனையைச் சுற்றிக்கொண்டு தாஹிட்டிக்குப் போய்விட்டார். கடலில் மகிழ்ச்சியாக இருப்பதாகவும், ஒருவேளை தம் ஆன்மாவைக் காப்பாற்றிக்கொள்வதற்காகவும் அப்படிச் செய்வதாக அந்தத் தாளில் இருந்தது. அவருக்கும் வீட்டில் மனைவி காத்திருந்தார் என்பதால் நான் அவரைத் துறவியாக்கிக் கும்பிடப் போவதில்லை.

மறுமொழி: கணிதநேயன்

கலங்கரை அவர்களின் விளக்கம் அருமை. ஆனால் ஒரு திருத்தம் தேவைப்படுகிறது. குரோஹர்ஸ்டைப் புகழ் வேட்கைக்கு மட்டும் எடுத்துக்காட்டாக்குவது அவருக்கு நியாயம் செய்வதாகாது. படகுக்குப் பணம் கொடுத்தவரோடு அவர் செய்திருந்த ஒப்பந்தத்தின்படி, பயணம் பாதியில் நின்றால் படகை அவரே விலை கொடுத்து வாங்கிக்கொள்ள வேண்டும். தொழிலும் வீடும் போய்விடும். கடனும் மானமும் சேர்ந்து ஒரு மனிதரை மூலையில் தள்ளிய கதை அது. முதலில் வந்து சேர்ந்த ராபின் நாக்ஸ்-ஜான்ஸ்டன் தமக்குக் கிடைத்த 5,000 பவுண்டையும் குரோஹர்ஸ்டின் குடும்பத்துக்கே கொடுத்துவிட்டார். நடந்ததை அருகிலிருந்து புரிந்துகொண்டவர்கள் அவரை வெறும் மோசடிக்காரராகப் பார்க்கவில்லை.

கடன் எதுவும் இல்லாத, இழப்பதற்கு ஒன்றும் இல்லாத, உலகமே ஏற்றுக்கொண்ட ஒருவரிடம் இந்த வேட்கை எப்படி வேலை செய்கிறது என்று பார்த்தால்தான் அதன் இயல்பு துலக்கமாகத் தெரியும். அதற்கு ஐசக் நியூட்டனைவிடப் பொருத்தமானவர் இல்லை. நுண்கணிதத்தின் அடிப்படைகளை 1665, 1666 ஆண்டுகளிலேயே கண்டுவிட்ட நியூட்டன் அதை வெளியிடாமல் வைத்திருந்தார். ஜெர்மானிய அறிஞர் லைப்னிட்ஸ் ஏறத்தாழப் பத்தாண்டுகள் கழித்துத் தனியாக அதே இடத்தை அடைந்து 1684இல் அச்சிட்டார். 1687இல் வெளிவந்த தம் புகழ்பெற்ற இயற்பியல் நூலான பிரின்சிபியாவின் முதல் பதிப்பில், லைப்னிட்ஸ் தமக்கு எழுதியதையும், அவருடைய முறை தம் முறையைப் போன்றதே என்பதையும் நியூட்டன் ஒரு குறிப்பில் பெருந்தன்மையோடு சொல்லியிருந்தார். அப்போது இருவருக்கும் இடையே பெரிய பகை இல்லை.

பிறகு யார் முதலில் என்ற சண்டை மூண்டது. தம்மைத் திருடர் என்று சொல்கிறார்கள் என்று லைப்னிட்ஸ் அறிவியல் சங்கமான லண்டன் ராயல் சொசைட்டியிடம் முறையிட்டபோது, அதன் தலைவராக இருந்தவர் யார்? 1703 முதல் நியூட்டன்தான். 1712இல் விசாரணைக் குழு அமைக்கப்பட்டது. நடுநிலைக் குழுவின் அறிக்கை என்று வெளிவந்ததை எழுதியவரும் பெரும்பாலும் அவரே. அதோடு மனம் ஆறவில்லை. அந்த அறிக்கையைப் புகழ்ந்து 1715இல் சங்கத்தின் ஆய்விதழில் பெயரில்லாமல் வெளியான நீண்ட மதிப்புரையும் அவர் எழுதியதுதான். லைப்னிட்ஸும் சளைத்தவரல்லர், அவரும் பெயர் போடாமல் துண்டு வெளியீடு அச்சிட்டு, அதில் தம்மைப் படர்க்கையில் வைத்துத் தமக்காகவே வாதாடினார். ஐரோப்பாவின் தலைசிறந்த இரண்டு மூளைகள் முகமூடி போட்டுக்கொண்டு தங்களைத் தாங்களே பாராட்டிக்கொண்டிருந்த காட்சி நகைப்புக்குரியது என்று சொன்னால் தவறாகாது.

நகைப்பு அடங்கும் இடம் ஒன்று இருக்கிறது. லைப்னிட்ஸ் 1716இல் இறந்தார். பத்தாண்டுகள் கழித்து, 1726இல், தமது எண்பதுகளில் இருந்த நியூட்டன் பிரின்சிபியாவின் மூன்றாம் பதிப்பை வெளியிட்டபோது, முதல் பதிப்பில் இருந்த அந்தப் பெருந்தன்மையான குறிப்பை மாற்றி, லைப்னிட்ஸின் பெயரே அதில் இல்லாதபடி செய்தார். எதிரி மண்ணுக்குள் போய்விட்டார். நியூட்டனின் இடத்துக்கு எந்த ஆபத்தும் இல்லை. புவிஈர்ப்பைக் கண்டு சொன்னவருக்கு அதற்கு மேல் என்ன அங்கீகாரம் கிடைக்க முடியும்? இருந்தும் பழைய தாளில் கிடந்த ஒரு பெயரை அடித்தாக வேண்டியிருந்தது.

ஆகவே, போதுமான அளவு பாராட்டு கிடைத்துவிட்டால் உங்கள் நண்பர் அடங்கிவிடுவார் என்று நீங்கள் எதிர்பார்த்தால், அந்த எதிர்பார்ப்பை விட்டுவிடுங்கள் என்பேன். கலங்கரை சொன்ன இரண்டு கணக்கு நியூட்டனிடம் இல்லை. அவர் பொய்யாக எதையும் கண்டுபிடித்ததாகச் சொல்லவில்லை, அவருடைய உரிமை உண்மையான உரிமையே. அழிவு வேறு வழியாக வந்தது. தமக்கு இருந்தால் போதும் என்ற நிலை மாறி, அது பிறருக்கு இருக்கக் கூடாது என்ற இடத்துக்கு ஆசை நகர்ந்துவிட்டது. இன்னொருவரின் விருதுச் செய்தி வந்த நாளில் அவரால் வேலை செய்ய முடியவில்லை என்று எழுதினீர்களே, நான் கவலைப்பட வேண்டிய அறிகுறியாகக் கருதுவது அதைத்தான். தலைப்புப் பக்கத்து எழுத்தளவு வெறும் சிறுபிள்ளைத்தனம்.

மறுமொழி: வைகறை

சுருக்கமாக ஒன்று. நம் மரபு புகழைப் பழித்ததில்லை. திருக்குறளில் புகழுக்குத் தனி அதிகாரமே உண்டு. ஆனால் அது ஈகை அதிகாரத்தை அடுத்து வைக்கப்பட்டிருக்கிறது, அதன் முதல் குறளே கொடுப்பதையும் புகழோடு வாழ்வதையும் சேர்த்துத்தான் பேசுகிறது. கொடுத்தவனைத் தேடி வருவதாகத்தான் புகழ் அங்கே நிற்கிறது. கொடுப்பதை நிறுத்திவிட்டுப் பெறுவதற்கு மட்டும் கை நீட்டுபவரைப் பற்றிக் கேட்கிறீர்கள். அந்த இளையவருக்கு ஒரு வரி நன்றி சொல்ல உங்கள் நண்பருக்கு வாய் வரவில்லையே, அங்கேயே தெரிந்துவிடவில்லையா?

மறுமொழி: அகவிழி

நான் உளவியல் கற்பிப்பவள். மேலே பேசியவர்கள் பெரியவர்களை எடுத்துக்கொண்டார்கள். நான் பள்ளிக்குச் செல்லத் தொடங்காத சிறு குழந்தைகளிடம் நடத்தப்பட்ட ஒரு சோதனையைச் சொல்கிறேன், ஏனென்றால் ஏடகம் கேட்ட அந்த எல்லைக்கோடு அதில் கண்ணுக்கு முன்னால் தெரிகிறது.

லெப்பர், கிரீன், நிஸ்பெட் ஆகிய மூவரும் 1973இல் வெளியிட்ட ஆய்வு அது. வண்ணப் பேனாவால் படம் வரைவதில் ஏற்கெனவே விருப்பமுள்ள குழந்தைகளை மூன்று குழுக்களாகப் பிரித்தார்கள். முதல் குழுவிடம், படம் வரைந்தால் பொன் நட்சத்திரமும் சிவப்பு நாடாவும் உள்ள பாராட்டுச் சான்றிதழ் கிடைக்கும் என்று முன்கூட்டியே காட்டிச் சொன்னார்கள். இரண்டாம் குழுவிடம் எதுவும் சொல்லாமல், வரைந்து முடித்த பிறகு அதே சான்றிதழை எதிர்பாராத விதமாகக் கொடுத்தார்கள். மூன்றாம் குழுவுக்கு எதுவும் இல்லை. ஓரிரு வாரங்கள் கழித்து, யாரும் எதுவும் சொல்லாத நேரத்தில் குழந்தைகள் தாமாகப் பேனாவை எடுக்கிறார்களா என்று ஒளிந்திருந்து பார்த்தபோது, முதல் குழுவினர் மற்ற இரு குழுவினரைப் போல ஏறத்தாழப் பாதி நேரம்தான் வரைந்தார்கள். எதிர்பாராமல் சான்றிதழ் பெற்ற குழந்தைகளின் விருப்பம் சற்றும் குறையவில்லை.

சான்றிதழ் இருவருக்கும் ஒன்றே. ஆகையால் கேடு பாராட்டில் இல்லை. பாராட்டு வேலைக்கு முன்பாகவே மனத்துக்குள் வந்து உட்கார்ந்து, வேலையை அதற்கான விலையாக மாற்றிவிடுவதில் இருக்கிறது. ஏடகத்தின் நண்பர் முதல் நூலை எழுதியபோது இரண்டாம் குழுக் குழந்தை; இப்போது முதல் குழுக் குழந்தை. கணிதநேயன் சிறுபிள்ளைத்தனம் என்று தள்ளிவிட்ட தலைப்புப் பக்க விவகாரத்தை நான் அவ்வளவு எளிதாகத் தள்ள மாட்டேன். மூல நூலைத் திறப்பதற்கு முன்பே அட்டை அவர் கண்ணில் தெரிகிறது என்றால், படிக்கும் ஒவ்வொரு வாக்கியமும் அவருக்கும் அட்டைக்கும் இடையில் நிற்கும் தடையாகத்தான் தோன்றும்.

ஆடம் ஸ்மித் 1759இலேயே இதற்கு ஒரு வேறுபாட்டைச் சொல்லி வைத்தார். பொருளியலாளராக அறியப்படுவதற்கு முன்பு அவர் அறநெறி கற்பித்தவர். பாராட்டப்பட வேண்டும் என்ற விருப்பமும் பாராட்டுக்குத் தகுதியானவராக இருக்க வேண்டும் என்ற விருப்பமும் வெவ்வேறானவை என்பதும், செய்யாத ஒன்றுக்காகக் கிடைக்கும் பாராட்டில் மகிழ்வது மனிதரின் மிகக் கீழான பலவீனங்களுள் ஒன்று என்பதும் அவர் கருத்து. தகுதியற்ற பாராட்டு கிடைக்கும்போது ஒருவர் கூசுகிறாரா, குளிர்கிறாரா என்பதை அருகிலிருப்பவர்கள் அப்போதே பார்த்துவிடலாம். கேடு முடியும்வரை காத்திருக்கத் தேவையில்லை.

இன்றைய சூழலையும் ஒரு வரியில் சொல்லிவிடுகிறேன். ஃபேஸ்புக்கில் விருப்பப் பொத்தான் 2009இல் வந்தது. பத்தாண்டுகள் கழித்து, 2019இல், இன்ஸ்டாகிராம் விருப்ப எண்ணிக்கையை மறைத்துப் பார்க்கும் சோதனையில் இறங்க வேண்டியிருந்தது. எப்போது வரும், எவ்வளவு வரும் என்று தெரியாத பரிசுதான் ஒரு பழக்கத்தை மிக ஆழமாக ஊன்றும் என்பது விலங்குச் சோதனைகளிலிருந்தே நாங்கள் அறிந்தது. வேட்கை பழையதுதான். அன்றைக்கு ஒருவர் மதிப்புரை வரும்வரை மாதக்கணக்கில் காத்திருந்தார், அந்த மாதங்களில் வேறு வழியின்றி அடுத்த வேலையைத் தொடங்கினார். இன்றைக்கு அந்த இடைவெளி இல்லை.

ஆனால் இந்த உரையாடலின் போக்கில் ஓர் ஆபத்தும் இருக்கிறது. அங்கீகாரம் கேட்பவர் எல்லோரையும் புகழ்ப் பித்தர் என்று முத்திரை குத்துவது, பிறர் உழைப்பை எடுத்துக்கொள்பவர்களுக்கு மிகவும் வசதியான பேச்சு. பல்சர் விண்மீன்களின் முதல் குறிப்பை 1967இல் வரைபடத் தாளில் கவனித்தவர் அப்போது ஆய்வு மாணவியாக இருந்த ஜோஸலின் பெல் பர்னெல். 1974இல் அதற்கான நோபல் பரிசு அவருடைய வழிகாட்டியான ஆய்வாளருக்கும் மற்றொருவருக்கும் போயிற்று. அவர் பொருமிக்கொண்டு கிடக்கவில்லை. 2018இல் தமக்குக் கிடைத்த 30 லட்சம் டாலர் பரிசை, இயற்பியல் ஆய்வில் குறைவாக இடம்பெறும் பிரிவு மாணவர்களின் உதவித்தொகைக்குக் கொடுத்துவிட்டார். அந்தப் பெருந்தன்மை அவருடையது. அதைக் காட்டி, பெயர் விடுபட்ட மற்றவர்களும் வாயை மூடிக்கொண்டிருக்க வேண்டும் என்று யாரும் சொல்லக் கூடாது. முன்வரிசையில் உட்கார்ந்திருந்த அந்த இளையவர் நாளைக்கு எழுந்து, அது என் சொல் என்று சொன்னால், அது புகழ் ஆசையாகாது.

வினா எழுப்பியவர்: ஏடகம்

அனைவருக்கும் நன்றி. பெரியவர்களின் வரலாற்றைவிடக் குழந்தைகளின் சான்றிதழ் என்னை அதிகம் தைத்தது, ஏனென்றால் அந்த முதல் நூலை அவர் எழுதிய நாள்களில் அதைப் பதிப்பிக்க யாரும் முன்வரவில்லை; அச்சாகும் என்ற நம்பிக்கையே இல்லாமல்தான் எழுதிக்கொண்டிருந்தார்.

இனி நடைமுறைக் கேள்வி. நான் அவரிடம் இதைப் பற்றிப் பேச வேண்டுமா? பேசினால், அவருக்குக் கிடைத்த பெயரைக் கண்டு நான் வயிறெரிவதாகத்தான் எடுத்துக்கொள்வார். பேசாமல் இருந்தால் அந்தப் பெரிய பணி தொடங்கவே தொடங்காது.

மறுமொழி: கலங்கரை

புகழின் வெறுமையைப் பற்றி அவருக்கு எடுத்துரைக்கப் போகாதீர்கள், ஐயா. புகழை இகழ வேண்டும் என்று நூல் எழுதிய தத்துவவாதிகள் அந்த நூல்களின் மேல் தங்கள் பெயரைப் போட்டுக்கொள்ளத் தவறவில்லை என்று பண்டைய ரோமானியப் பேச்சாளர் சிசரோ கிண்டல் செய்திருக்கிறார். அறிவுரை சொல்பவருக்கு அந்த மேடை அவ்வளவு வழுக்கலானது. உங்கள் மேல் பொறாமைக் குற்றம் விழும் என்று நீங்கள் அஞ்சுவதும் சரியே.

அகவிழி அவர்களின் திருத்தத்தை ஏற்றுக்கொண்டு இரண்டு செயல்களை மட்டும் சொல்கிறேன். இளையவரின் பங்கை முதலில் சரிசெய்யுங்கள். நண்பரின் குணத்தைப் பற்றிய விவாதமாக அதை எடுத்துச் செல்லாமல், அடுத்த அச்சில் நன்றியுரையில் இந்தச் சொல்லாட்சி இன்னாருடையது என்று ஒரு வரி சேர்க்க வேண்டும் என எழுத்தில் கேளுங்கள். இரண்டாவது ஏட்டில் விழுந்த வரியை அடிக்க அவருக்கு அது ஒரு வாய்ப்பு. கூசிச் சேர்த்துவிட்டார் என்றால் ஆள் இன்னும் இருக்கிறார் என்று பொருள்.

அடுத்து, அவரோடு பேசும்போது பேச்சு மூலத்தின் மேலேயே இருக்கட்டும். நீங்கள் இருவரும் முன்பு எப்படிப் பேசிக்கொண்டீர்களோ அப்படி, மிகக் கடினமான ஒரு பத்தியை எடுத்துக்கொண்டு போய், இதற்கு எனக்கு வழி தெரியவில்லை என்று அவர் முன்னால் வையுங்கள். புகழ்ந்தும் பேச வேண்டாம், குறை சொல்லியும் பேச வேண்டாம். ஒரு சொல்லைத் தேடும் அரை மணி நேரத்தில் எவருக்கும் அட்டை நினைவுக்கு வராது. நினைவுக்கு வந்தால் அதையும் நீங்கள் நேரிலேயே பார்த்துவிடுவீர்கள்.

மறுமொழி: கணிதநேயன்

பெயர் வரிசைக்கு ஒரு வழி சொல்லிவிடுகிறேன். கணிதத்தில் கூட்டாக எழுதும் கட்டுரைகளில் ஆசிரியர் பெயர்களை அகரவரிசையில் போடுவதே பொது வழக்கம். யார் அதிகம் உழைத்தார் என்ற கேள்வி அட்டைக்கு வருவதே இல்லை. நியூட்டனின் வாரிசுகளுக்கு இந்தப் பாடத்தைக் கற்றுக்கொள்ள வேண்டிய தேவை மற்றவர்களைவிட அதிகமாக இருந்ததோ என்னவோ. ஒரே அளவு எழுத்து, அகரவரிசை, முன்னுரையில் இருவர் கையெழுத்தும் என்று பணி தொடங்குவதற்கு முன்பே இரண்டு வரி ஒப்பந்தமாக எழுதி அனுப்புங்கள். அந்தப் பேச்சை அதோடு மூடிவிடலாம். அகரவரிசையில் உங்கள் பெயர் முன்னால் வருவதாக இருந்தால் தலைகீழ் வரிசை என்று எழுதிவிடுங்கள், உங்களுக்கு அதில் ஒன்றும் குறைந்துவிடாது. அதற்கும் அவர் ஒப்பவில்லை என்றால் அந்த நூலை வேறு ஒருவரோடு தொடங்குங்கள். அந்த இளையவரிடம் கேட்டுப் பார்த்தீர்களா?